ஏழாவது கிண்ணம்

2018-ஆம் ஆண்டு ஆனி மாதம், என் மகளின் பிறந்தநாள். சென்னையில் எங்கள் வீட்டுக் கூடத்தில் ஏழு பேர் உட்கார்ந்திருந்தோம். நானும் கணவரும் மகளும், நாத்தனாரும் அவருடைய இரண்டு பிள்ளைகளும், திருவானைக்காவலிலிருந்து வந்திருந்த என் அம்மாவும். கேக் வெட்டி முடிந்ததும் நாத்தனார் ஐஸ்கிரீம் டப்பாவைத் திறந்து கிண்ணங்களில் போட்டு ஒவ்வொருவர் கையிலும் கொடுத்துக்கொண்டு வந்தார். அம்மா உட்கார்ந்திருந்த நாற்காலி வந்ததும், "அத்தைக்குத்தான் சர்க்கரையாச்சே" என்று அன்போடுதான் சொல்லிவிட்டு அடுத்தவருக்கு நகர்ந்தார்.

"எனக்கெதுக்கும்மா, நீங்க சாப்பிடுங்க" என்றாள் அம்மா. முந்தானையை இழுத்து மடியில் போட்டுக்கொண்டு தொலைக்காட்சிப் பக்கம் திரும்பிக்கொண்டாள். அதில் ஏதோ விளம்பரம் ஓடிக்கொண்டிருந்தது. அம்மா விளம்பரம் பார்க்கிறவள் அல்ல. எங்கள் கைகளில் இருந்த ஆறு கிண்ணங்களையும் பார்க்காமல் இருக்கத்தான் அந்தப் பக்கம் பார்த்துக்கொண்டிருந்தாள்.

அன்றைக்கு அம்மாவுக்கு 74 வயது. சர்க்கரை வந்து 11 வருடம் ஆகியிருந்தது. அந்தப் பதினோரு வருடமும் எத்தனை விசேஷங்களில் இப்படித் திரும்பி உட்கார்ந்திருப்பாள் என்று இரவு படுத்தபடி எண்ணிப் பார்த்தேன். தீபாவளி, பொங்கல், கல்யாணப் பந்தி, கோயில் பிரசாதம். எண்ணி முடியவில்லை.

அம்மா எப்போதும் கடைசியாகச் சாப்பிடுகிறவள். சர்க்கரை வருவதற்கு முந்தைய காலமும் எனக்கு நன்றாக நினைவிருக்கிறது.

திருவானைக்காவலில் எங்கள் வீட்டிலிருந்து கொள்ளிடக் கரை நடந்து போகும் தூரம்தான். கரையோரம் நாவல் மரங்கள் நின்றன. ஆனி, ஆடி மாதங்களில் விடிவதற்குள் போனால், இரவில் உதிர்ந்த பழம் மணலில் கிடக்கும். பாவாடையை ஏந்திப் பொறுக்கிக்கொண்டு வருவோம். அந்தக் கறை எந்தச் சோப்புக்கும் போகாது. அடி வாங்கினாலும் மறுநாளும் போவோம்.

எங்கள் ஊருக்கு நாவல் வெறும் பழம் இல்லை. ஜம்புகேஸ்வரர் கோயிலின் தல மரமே வெண்நாவல். சிவபெருமான் தந்த நாவல் பழத்தைக் கொட்டையோடு விழுங்கிவிட்ட ஜம்பு முனிவரின் தலையிலேயே மரம் முளைத்தது என்பது ஊரில் எல்லோருக்கும் தெரிந்த தல புராணம். அப்பாயி அதை எங்களை மிரட்டுவதற்குப் பயன்படுத்தினாள். "கொட்டையை முழுங்கிடாதீங்க. முனிவருக்காச்சும் கோயில் கட்டுனாங்க. உங்க தலையில முளைச்சா யாரு கட்டுவா?" என்பாள். நான் பல நாள் தலையைத் தடவிப் பார்த்துக்கொண்டு தூங்கியிருக்கிறேன்.

பழத்தை நன்றாகக் கழுவி, ஒரு குண்டானில் போட்டு, ஒரு கை கல்லுப்பைத் தூவி, மேலே தட்டை வைத்து மூடி, இரண்டு கையாலும் பிடித்துக்கொண்டு அப்பாயி குலுக்குவாள். கடகடவென்று சத்தம் கேட்கும். திறந்தால் பழத்தின் தோல் அங்கங்கே கன்றி, உப்பும் சாறும் கலந்து ஊதா நீர் கசிந்திருக்கும். துவர்ப்பு குறைந்து இனிப்பு மேலே வந்திருக்கும். பங்கு போடுவது அம்மாவின் வேலை. முழுப் பழம் எல்லாம் எங்களுக்கு, நல்ல சதைப்பிடிப்பானது அப்பாவுக்கு, மெத்தென்றது பல் இல்லாத அப்பாயிக்கு. குண்டானின் அடியில் நசுங்கியதும் உடைந்ததும் அம்மாவுக்கு. நாங்கள் வரிசையாக நின்று நாக்கை நீட்டி யாருடையது அதிக ஊதா என்று போட்டி போடுவோம். அம்மா அந்தப் போட்டிக்கு வந்ததே இல்லை.

அதே தெருவில் மத்தியானம் ஐஸ் வண்டி வரும். சைக்கிளின் பின்னால் மரப்பெட்டி. பெட்டியின் மூடியை ஐஸ்காரர் 'டப் டப்' என்று அடிக்கும் சத்தம் தெருமுனையிலேயே கேட்கும். சிவப்பிலும் ஆரஞ்சிலும் குச்சி ஐஸ், அதைவிட விலை கூடின பால் ஐஸ், எல்லாவற்றுக்கும் மேலே சேமியா ஐஸ். ஒரு நாள் அவரிடம், "நாவப்பழ ஐஸ் இருக்காண்ணே?" என்று கேட்டேன். "நாவப்பழத்துல எவன் பாப்பா ஐஸ் போடுவான்?" என்று சிரித்தார். அந்தக் கேள்வி எனக்குள் தங்கிவிட்டது.

1985-இல் எங்கள் வீட்டுக்கு ஃபிரிட்ஜ் வந்தது. நான் கல்லூரியில் படித்துக்கொண்டிருந்தேன். அந்த ஆடியிலேயே நாவல் ஐஸ் போட்டுவிட்டேன். பழத்தைப் பிசைந்து, வெள்ளைத் துணியில் வடிகட்டி, சாற்றில் தண்ணீரும் சர்க்கரையும் கலந்து, அலுமினியத் தட்டில் ஊற்றி வைத்தேன். மறுநாள் காலை எடுத்தால் கருங்கல். கரண்டிக் காம்பால் தட்டி உடைத்து வாயில் போட்டு உறிஞ்சினால், முதல் இழுப்பிலேயே நிறமும் இனிப்பும் வந்துவிட்டது. பிறகு வாயில் இருந்தது சுவையில்லாத வெள்ளை ஐஸ் துண்டு. வடிகட்டின துணியில் ஒதுங்கிய சக்கையைத் தூக்கிக் கொல்லையில் போட்டிருந்தேன்.

எங்கே தவறினேன் என்று விளங்க எனக்கு வெகு காலம் ஆனது. தண்ணீர் உறையும்போது தனக்குள் வேறு எதையும் சேர்த்துக்கொள்வதில்லை. தண்ணீர் மட்டும் ஒன்றோடொன்று பிடித்துக்கொண்டு படிகமாக வளர்கிறது. சர்க்கரையையும் நிறத்தையும் ஓரமாகத் தள்ளிவிடுகிறது. அதனால்தான் உறிஞ்சியதும் அவை தனியே வந்துவிட்டன. நான் கூடுதலாக ஊற்றிய தண்ணீர் படிகத்தைப் பெரிதாக்கியது. படிகங்களுக்கு நடுவே புகுந்து அவற்றைச் சிறிதாகவே வைத்திருக்க வல்லவை பழத்தின் சதையும் நாரும். அந்தச் சக்கையைத்தான் நான் கொல்லையில் கொட்டியிருந்தேன்.

பிறந்தநாளுக்கு மூன்று நாள் கழித்துத் திருவல்லிக்கேணி பெரிய தெருவில் ஒரு தள்ளுவண்டி நிறைய நாவல் பழத்தைப் பார்த்தேன். மேலே தெளித்த தண்ணீரில் கறுப்பாக மின்னிக்கொண்டிருந்தது. பல்பொருள் அங்காடியில் குளிர்பெட்டிக்குள் வெளிநாட்டு புளூபெர்ரி சின்ன டப்பாக்களில் இருப்பதைப் பார்த்திருக்கிறேன். உடம்புக்கு நல்லது என்று மகள் வாங்கச் சொல்லிக்கொண்டே இருந்தாள். அதன் ஊதாவுக்கும் நம் நாவலின் ஊதாவுக்கும் காரணம் ஆந்தோசயனின் என்ற ஒரே குடும்பத்து நிறமிகள்தான். ஒரு டப்பா புளூபெர்ரியின் விலைக்குள் எனக்கு அரைக் கிலோ நாவலும் கிடைத்து, மீதிக் காசுக்குத் தயிரும் கிடைத்தது.

அம்மாவுக்காக அன்று நாவல் ஐஸ் செய்த முறையில்தான் இன்றும் செய்கிறேன். அரைக் கிலோ பழத்தை உப்புத் தண்ணீரில் பத்து நிமிடம் போட்டு, நல்ல தண்ணீரில் அலசி, துணியில் பரப்பி ஈரம் போக விட வேண்டும். பிறகு கொட்டை எடுக்க வேண்டும். இந்த வேலை ஒன்றுதான் நேரம் எடுக்கும். மற்றதெல்லாம் ஐந்து நிமிட வேலை. சின்னக் கத்தியால் பழத்தின் நீளவாக்கில் இரண்டு கீறல் போட்டு, சதையைக் கொட்டையிலிருந்து வழித்து எடுத்தால் சுமார் 350 கிராம் சதை தேறும். தோலை உரிக்கக் கூடாது. நிறம் பெரும்பாலும் அங்கேதான் இருக்கிறது.

அம்மா வந்து பக்கத்தில் உட்கார்ந்தாள். "குடு பாப்பா, நான் பாக்குறேன்" என்று கத்தியை வாங்கிக்கொண்டாள். எனக்கு ஒரு பழம் ஆவதற்குள் அவளுக்கு மூன்று ஆனது. விரல் நுனிகள் கறுத்தன. "அப்பாயி இருந்திருந்தா கொட்டையெல்லாம் எண்ணி வெச்சிருப்பாங்க, புள்ளைங்க முழுங்கிடுச்சான்னு" என்றாள். வெகு நாளைக்குப் பிறகு அம்மா தானாகப் பேச ஆரம்பித்தது அன்றுதான்.

சதைத் துண்டுகளை எவர்சில்வர் தட்டில் ஒன்றோடொன்று ஒட்டாமல் பரப்பி ஃபிரீசரில் வைத்தோம். அதன் குளிர் சுமார் மைனஸ் 18 டிகிரி. குவியலாக வைத்தால் நடுவில் உள்ளது உறைவதற்கு நேரமாகும். மெதுவாக உறைந்தால் படிகம் பெரிதாகும், துண்டுகளும் ஒரே கட்டியாக ஒட்டிக்கொள்ளும். பரப்பி வைத்தால் சீக்கிரம் உறைந்து, மறுநாள் கூழாங்கல் போலத் தனித்தனியாகக் கலகலவென்று விழும். கூடவே ஒரு பூவன் பழத்தையும் வில்லைகளாக நறுக்கி உறைய வைத்தேன். தயிரை மெல்லிய துணியில் கட்டி மூன்று மணி நேரம் தொங்கவிட்டு, நீர் வடிந்த பின் 150 கிராம் எடுத்துக்கொண்டேன்.

மறுநாள் மிக்ஸியின் ஜாரையும் கொஞ்ச நேரம் ஃபிரீசரில் வைத்துவிட்டு அரைக்க ஆரம்பித்தேன். விட்டு விட்டுத்தான் சுற்ற வேண்டும். தொடர்ந்து ஓட்டினால் பிளேடின் சூட்டிலேயே உருகிப்போகும். முதல் சுற்றில் அது ஈர மணலைப் போல உதிரியாக ஜாரின் சுவரில் ஒட்டிக்கொண்டது. கரண்டியால் வழித்துவிட்டு மறுபடி. இப்போது புட்டு மாவு போல் ஆனது. இரண்டு கரண்டித் தயிர், மறுபடி ஒரு சுற்று. மீதித் தயிரையும் போட்டு இன்னொரு சுற்று. அந்த நேரத்தில் ஜாரின் சத்தம் மாறியது. கரகரப்பு போய், கனமாக, அடக்கமாகக் கேட்டது. மூடியைத் திறந்தேன். உள்ளே வெண்ணெய் திரண்டது போல ஒரே திரளாக இருந்தது. அட்டக்கறுப்பாக இருந்த பழம் தயிர் சேர்ந்ததும் வாடாமல்லி நிறத்துக்கு வந்திருந்தது. சின்ன வயதில் அம்மா விசேஷங்களுக்குக் கட்டிக்கொண்ட ஒரு பட்டுப்புடவைக்கு அதே நிறம்.

நாக்கில் வைத்தபோது அப்பாயியின் உப்புக் குண்டான் நினைவுக்கு வந்தது. நாவலின் துவர்ப்புக்குக் காரணம் டானின். அது எச்சிலில் இருக்கும் புரதத்தைப் பிடித்துக்கொள்வதால்தான் நாக்கு வறண்டு இழுக்கிறது. தயிர் சேர்த்தால் அதில் இருக்கும் புரதத்தை டானின் முதலிலேயே பிடித்துக்கொள்கிறது. நாக்குக்கு வருவது இனிப்பும் லேசான புளிப்பும்தான். குளிர்ச்சி இனிப்பைக் கொஞ்சம் மந்தமாக்கும் என்பதால்தான் கடை ஐஸ்கிரீமில் அவ்வளவு சர்க்கரை கொட்டுகிறார்கள். இங்கே அந்தக் குறையைப் பூவன் பழம் பார்த்துக்கொண்டது. நான் சேர்த்தது ஒரு சிட்டிகை உப்பு மட்டும்.

முதல் கிண்ணத்தை அம்மாவின் கையில் கொடுத்தேன். "நீ மொதல்ல புள்ளைக்குக் குடு" என்றாள். மகள், "நீங்க சாப்பிடுங்க அம்மாயி. இது உங்களுக்காகத்தான் செஞ்சது" என்றாள். அம்மா ஒரு ஸ்பூன் எடுத்து வாயில் வைத்துக்கொண்டு கண்ணை மூடினாள். வெகு நேரம் ஒன்றும் சொல்லவில்லை. பிறகு மகள் பக்கம் திரும்பி நாக்கை நீட்டிக் காட்டினாள். நல்ல ஊதா.

கிண்ணங்களைக் கழுவியபோது மகள் கூவினாள். அடியில் ஒட்டியிருந்த மிச்சத்தின் மேல் சோப்பு நுரை பட்டதும் அது நீலமாக மாறியிருந்தது. எலுமிச்சைச் சாறு ஒரு சொட்டு விட்டுப் பார்க்கச் சொன்னேன். சிவந்தது. அமிலத்தில் சிவந்து, காரத்தில் நீலமாவது அந்த நிறமியின் குணம். அவள் கொஞ்சம் சாற்றை எடுத்து வைத்துக்கொண்டு சமையல் சோடா, புளித்தண்ணீர், சுண்ணாம்பு என்று அன்று மாலை முழுவதும் சோதித்தாள். அம்மா தன் வெற்றிலைப் பெட்டியிலிருந்தே சுண்ணாம்பு எடுத்துக் கொடுத்தாள்.

அந்த மகிழ்ச்சியோடு ஒரு தவறும் வந்து சேர்ந்தது. அதைச் சொல்லாமல் விட்டால் இந்தக் கட்டுரைக்கு நேர்மை இருக்காது. நாவல் சர்க்கரைக்கு நல்லது என்று ஊரில் எல்லோரும் சொல்வார்கள். அந்தப் பேச்சும் என் உற்சாகமும் சேர்ந்து அம்மாவுக்குத் தைரியம் கொடுத்துவிட்டன. நாங்கள் கழித்துப் போட்ட கொட்டைகளை அவள் காயவைத்து, இடித்து, சலித்துப் பொடியாக்கிக்கொண்டு ஊருக்குப் போயிருக்கிறாள். தினமும் காலையில் மோரில் கலக்கிக் குடித்திருக்கிறாள். அது போதும் என்று மாத்திரையை நிறுத்தியிருக்கிறாள். கார்த்திகையில் கால் எரிச்சலும் அசதியும் என்று சொன்ன பிறகுதான் எனக்கு விஷயம் தெரிந்தது. மூன்று மாதச் சராசரி காட்டும் பரிசோதனையில் 7.4 இருந்தது 9.2 ஆகியிருந்தது.

அவளைச் சென்னைக்கு வரவழைத்து டாக்டரிடம் கூட்டிப் போனேன். அவர் அம்மாவைத் திட்டவில்லை. "நாவல் கொட்டையை வெச்சு விலங்குகள்கிட்ட ஆராய்ச்சியெல்லாம் பண்ணியிருக்காங்கம்மா. அதுக்காக அது மாத்திரை ஆயிடாது. மாத்திரை மாத்திரைதான், பழம் பழம்தான்" என்றார். பிறகு என்னிடம் கிண்ணத்தில் என்னென்ன போடுகிறேன் என்று கேட்டார். நாவலின் சதையில் 100 கிராமுக்குச் சுமார் 15 கிராம் மாவுச்சத்து. மீதியில் பெரும்பகுதி தண்ணீர். பூவன் பழத்தையும் தயிரையும் சேர்த்துக் கணக்குப் போட்டால், ஏழாகப் பங்கிடும்போது ஒரு கிண்ணத்துக்குச் சுமார் 11 கிராம் வந்தது. "சின்னக் கிண்ணமா, சாப்பாட்டோட சோத்தைக் கொஞ்சம் குறைச்சுக்கிட்டு, தாராளமா சாப்பிடுங்க. மாத்திரையை மட்டும் விடாதீங்க" என்றார். தை மாதத்துக்குள் அம்மாவின் சர்க்கரை பழைய நிலைக்கு இறங்கியது.

அம்மாவின் மேல் எனக்குக் கோபம் வரவில்லை. பதினோரு வருடம் 'கூடாது, வேண்டாம், இல்லை' என்று மட்டுமே கேட்டவள் அவள். ஒரு பழம் 'உனக்கு உண்டு' என்று சொன்னதும் அதையே முழுதாக நம்பிவிட்டாள். வயதானவர்களுக்குப் பத்தியம் வைக்கிறோம். எதை எடுக்கக் கூடாது என்று பட்டியல் போட்டுச் சமையலறைச் சுவரில் ஒட்டுகிறோம். அவர்கள் எல்லோரோடும் உட்கார்ந்து எதைச் சாப்பிடலாம் என்று யோசிக்க நமக்கு நேரம் இருப்பதில்லை. ஆரோக்கியமான உணவு என்பது ஒருவரைப் பந்தியிலிருந்து எழுப்புவதாக இருக்கக் கூடாது. எழுந்து போனவரைத் திரும்ப உட்கார வைப்பதாக இருக்க வேண்டும். இதை எனக்குக் கற்றுக்கொடுத்தது ஒரு கிண்ணம் நாவல் ஐஸ்.

மருத்துவமனையிலிருந்து திரும்பும்போது பேருந்து நடத்துனர், "ஐஸ் ஹவுஸ், ஐஸ் ஹவுஸ்" என்று கூவினார். "எதுக்குப் பாப்பா அந்தப் பேரு?" என்று அம்மா கேட்டாள். நான் அவளைக் கடற்கரைச் சாலைக்கு அழைத்துப் போய் விவேகானந்தர் இல்லத்தைக் காட்டினேன். 1842-இல் அமெரிக்காவின் டியூடர் கம்பெனி ஐஸ் கட்டிகளைச் சேமித்து வைப்பதற்காகக் கட்டிய கட்டடம் அது. பாஸ்டன் பக்கத்து ஏரிகளில் குளிர்காலத்தில் உறைந்த தண்ணீரை வாளால் அறுத்து, மரத்தூளில் பொதிந்து, மாதக்கணக்கில் கப்பலில் கொண்டு வந்தார்கள். 1833-இல் கல்கத்தாவுக்கு வந்த முதல் கப்பலுக்கு நான்கு மாதம் ஆனது. வழியிலேயே பாதிக்குக் கொஞ்சம் குறைவாக உருகிப்போனது. வந்த ஐஸ் வெள்ளைக்கார அதிகாரிகளுக்கும் வசதி படைத்தவர்களுக்கும்.

அம்மா அந்த வட்டமான கட்டடத்தை அண்ணாந்து பார்த்துக்கொண்டு நின்றாள். "அம்புட்டு தூரத்துலேருந்தா? அப்ப நம்மள மாதிரி ஆளுங்களுக்கு அதைக் கண்ணுலயே காட்டியிருக்க மாட்டாங்க" என்றாள். அலைச் சத்தத்துக்கு நடுவே மெதுவாகச் சொன்னாள்: "இப்ப நம்ம வீட்டுலயே கெடக்கு. கெடந்தும் எனக்குக் கெடைக்காம இருந்துச்சு பாரு."

அடுத்த ஆண்டு ஆனி மாதம் அவளே ஊரிலிருந்து நாவல் பழத்தைக் கூடையில் கட்டிக்கொண்டு வந்தாள். வரும் வழியில் கசிந்து கைப்பையெல்லாம் கறை. அவளும் மகளும் தரையில் தினத்தாளை விரித்து உட்கார்ந்து கொட்டை எடுத்தார்கள். ஜம்பு முனிவர் கதை இன்னொரு தலைமுறைக்குப் போனது. விநாயகர் சதுர்த்தியோடு வரத்து குறைந்துவிடும் என்று நான்கு பை நிறைய உறைய வைத்தோம். ஒவ்வொரு பையிலும் காற்றை அமுக்கி வெளியேற்றி, தேதி எழுதி ஒட்டியது மகள். மாத்திரை டப்பாவில் கிழமை வாரியாகப் போட்டு வைப்பதும் அவள் பொறுப்பு.

பிறந்தநாள் அன்று மாலை நாத்தனாரும் பிள்ளைகளும் வந்தார்கள். கேக் வெட்டி முடிந்தது. நான் சமையலறையில் மிக்ஸியை நிறுத்திவிட்டு மூடியைத் திறந்தேன். வாடாமல்லி நிறம் திரண்டு நின்றது. நாத்தனார் அலமாரியிலிருந்து கிண்ணங்களை எடுத்துக்கொண்டே, "எத்தனை எடுக்கட்டும் அண்ணி?" என்று கேட்டார்.

நான் வாயைத் திறப்பதற்குள் கூடத்திலிருந்து அம்மாவின் குரல் வந்தது.

"ஏழு."